சுஷி மேசையில் உப்பு சர்க்கரை

பிரீத்தி வலது காலை ஜன்னலுக்கு வெளியே போட்டுவிட்டாள். இடது கால்தான் வர மறுத்தது.

பேண்ட் துணி ஜன்னல் கொக்கியில் மாட்டியிருந்தது. விடுவிக்கலாமென்றால் பத்து விரலிலும் சோறு. சாதாரணச் சோறா? ஜப்பான் சோறு. போஸ்டர் ஒட்டும் பசை தோற்றுப்போகும். தொட்ட இடமெல்லாம் ஒட்டியது.

இன்னும் பதினைந்து நிமிடம். அதற்குள் இந்த எஸ்டேட் பங்களாவின் ஸ்டோர் ரூமிலிருந்து குதித்து, தேயிலைக்குள் புகுந்து, கட்டபெட்டு பஸ் ஸ்டாப் வரை ஓடிவிட வேண்டும். அங்கே யாரிடமாவது ஃபோன் வாங்கி அப்பாவுக்கு ஒரு வார்த்தை சொன்னால் போதும். மிச்சத்தை அப்பா பார்த்துக்கொள்வார்.

பல்லைக் கடித்து ஒரு இழு. துணி கிழிந்தது. கால் வந்தது.

'புஸ்ஸ்.'

பனிமூட்டத்துக்குள்ளிருந்து ஒரு பெருமூச்சு. ஆறடி தூரத்தில் பனியின் வெள்ளை கறுப்பாகத் திரண்டது. முதலில் கொம்பு. கொம்புக்குப் பின்னால் ஒரு பாறை. பாறைக்கு வெள்ளை சாக்ஸ் போட்ட நான்கு கால்.

காட்டெருமை.

"யாரும் வெளிய வந்துறாதீங்க! காட்டுமாடு நிக்குது!" முன்பக்கமிருந்து வாட்ச்மேன் மூக்கன் கத்தினார். "அதுவா போனாத்தான் உண்டு!"

அது போகிற மாதிரி தெரியவில்லை. பிரீத்தியைப் பார்த்துக்கொண்டே அசைபோட்டது.

வெளியே போட்ட இரண்டு காலையும் உள்ளே திரும்ப இழுத்துக்கொண்டாள்.

எல்லாம் அத்தையின் வேலை. "புனேவுக்குப் போறதுக்கு முன்னால அத்தகூட ரெண்டு நாள் ஊட்டி பக்கம் வா கண்ணு" என்று மரகதம் அத்தை கூப்பிட்டபோதே சந்தேகப்பட்டிருக்க வேண்டும். வாயில் கறிவேப்பிலை அகப்பட்டாலே முகம் சுளிக்கும் அத்தை, ஜப்பான் சமையல் வகுப்புக்கு டிக்கெட் போட்டபோது மணி அடித்திருக்க வேண்டும். காலையிலிருந்து பிரீத்தியின் ஃபோனிலேயே படம் எடுத்துத் தள்ளி, சார்ஜைக் காலி செய்து, "என்ற பையிலயே இருக்கட்டும்" என்று வாங்கி வைத்துக்கொண்டபோதாவது!

வகுப்பில் மொத்தமே ஐந்து பேர். அத்தை, அவள், எதிரே ஒரு குடும்பம். அம்மா வேலாமணி, அப்பா ஆறுக்குட்டி, மகன் கீர்த்திவாசன். சொல்லிக்கொடுக்கும் சரிதா கடல்பாசித் தாளை விரிப்பதை வேலாமணி பார்க்கவே இல்லை. பிரீத்தி கேரட் நறுக்கும் கையைத்தான் பார்த்தாள். "எம்.காம். படிச்ச கைன்னு யாரும் சொல்ல மாட்டாங்க அம்மிணி, நல்லா வேகமா வருது" என்றாள். தான் எம்.காம். என்று பிரீத்தி யாரிடமும் சொல்லவில்லை.

முதல் ரோலைச் சுருட்டிவிட்டுக் கை கழுவப் போனபோதுதான் நடையில் இரண்டு குரல்கள் காதில் விழுந்தன.

"அடுத்த சோத்துக்கு உப்பு சக்கர நம்மளயே கலக்கச் சொல்றாங்க. அப்பவே மாத்திப்போடலாம். பதினொன்னே முக்கால் வரைக்கும் நல்ல நேரம்." வேலாமணி.

"புள்ளைக்குத் தெரியாதுங்க. முடிஞ்சதுக்கப்பறம் நான் பேசிக்கறேன்." அத்தை.

கை கழுவாமலே பிரீத்தி ஸ்டோர் ரூமுக்குள் புகுந்தாள்.

அவர்கள் பக்கத்தில் கல்யாணத்தை உறுதி செய்வது மோதிரத்தால் அல்ல. இரண்டு வீட்டாரும் உப்பும் சர்க்கரையும் மாற்றிக்கொண்டால் முடிந்தது. அதற்கப்புறம் பேச்சை மாற்றினால் சாதிசனம் முழுக்கச் சிரிக்கும். அத்தை கொண்டுவந்த இந்த வரனை மூன்று மாதத்துக்கு முன்பே ஃபோட்டோகூடப் பார்க்காமல் வேண்டாமென்று சொல்லியிருந்தாள். வேலையை விட்டுவிட்டு வர வேண்டும் என்பது அவர்கள் கண்டிஷன். வீடே குதித்தது. அப்பா பழனியாண்டி மட்டும்தான், "புடிக்கலீன்னா உட்டுரு சாமி. நாளைக்கு வாழப்போறவ நீதானே" என்றார். புனே மாறுதல் உத்தரவு வந்ததும் டிக்கெட் எடுத்துக் கொடுத்ததும் அவரே. நாளை ராத்திரி ரயில்.

கதவு திறந்தது. கீர்த்திவாசன்.

கிழிந்த பேண்டையும் திறந்த ஜன்னலையும் வெளியே நின்ற கொம்பையும் வரிசையாகப் பார்த்தான்.

"ஏனுங்க, காத்து வாங்கறீங்களா?"

"ஆமா. நீங்க?"

"உப்பு, சக்கர எடுத்துட்டு வரச் சொன்னாங்க."

"எதுக்குன்னு தெரியுமா உங்களுக்கு?"

அவன் காதோரம் சிவந்தது. "தெரியுமுங்க."

"எனக்கு இதுல இஷ்டமில்ல. மூணு மாசம் முன்னாலயே சொல்லியாச்சு."

"நீங்க ஒத்துக்கிட்டீங்கன்னுதானே சொன்னாங்க..."

"யாரும் என்னைக் கேக்கவே இல்ல. போய் உங்கம்மாகிட்டச் சொல்லி நிறுத்துங்க."

"எங்கம்மாகிட்டயா?" ஜன்னலுக்கு வெளியே ஒரு பார்வை பார்த்தான். "அதுக்கு நா இப்படியே எறங்கிப் போய் அதுகிட்டப் பேசிரலாமுங்க."

வேறு நாளாக இருந்தால் சிரித்திருப்பாள்.

"எங்கப்பா இங்க இருந்தா இது நடக்குமா? அவருக்கு மட்டும் விஷயம் தெரிஞ்சா உங்க எல்லாரையும் உண்டு இல்லன்னு பண்ணிடுவார்."

அவன் முகம் மாறியது. "உங்கப்பாவா? ஏனுங்க, அவரு..."

"டேய் கீர்த்தி! உப்பு வாங்க தூத்துக்குடிக்குப் போயிட்டியா?" வேலாமணியின் குரல்.

"நீங்க போங்க. நான் எடுத்துட்டு வரேன்" என்றாள் பிரீத்தி. அவள் மூளையில் ஒரு விளக்கு எரிந்திருந்தது.

அவன் தயங்கித் தயங்கிப் போனான்.

அலமாரியில் இரண்டு ஜாடி. ஒன்றில் தூள் உப்பு. இன்னொன்றில் மிக்ஸியில் அடித்த சர்க்கரை. பார்வைக்கு அக்கா தங்கை. சர்க்கரை ஜாடியைத் திறந்தபோது அப்பாவின் ஞாபகம் வந்தது. போன வாரம் வெள்ளிக்கிழமை ராத்திரி, மஞ்சள் பையில் இரண்டு கிலோ சர்க்கரையோடு வந்தார். டப்பாவில் இன்னும் கொஞ்சம் இருக்கும்போது இவ்வளவு எதற்கு என்றால், "ஆஃபர்ல போட்டிருந்தான்" என்று முகத்தைப் பார்க்காமல் உள்ளே போய்விட்டார். அப்பாவுக்கு நீரிழிவு. அந்த வீட்டில் சர்க்கரை அவள் ஒருத்திக்கு மட்டும்தான். அவளுக்காகத்தான் சுமந்துகொண்டு வந்திருக்கிறார்.

கிண்ணங்களை எடுத்தாள். ஒன்றில் சர்க்கரை நிரப்பினாள்.

இன்னொன்றிலும் சர்க்கரையே நிரப்பினாள்.

உப்பு இல்லாமல் எப்படி மாற்றுவீர்கள், பார்க்கலாம்.

மேசையில் ஆவி பறக்கும் சோறு. பக்கத்தில் வினிகர் பாட்டில். சரிதாவுக்கு ஒன்றும் தெரியாது. ஆறு வருடம் ஒசாகா ஹோட்டலில் வேலை பார்த்தவளுக்குக் கோயம்புத்தூர் உள்குத்து எப்படித் தெரியும்?

"ரைஸ் சூடா இருக்கறப்பவே கலக்கணும். யார் கலக்கறீங்க?"

"நாங்க ரெண்டு பேரும்" என்று இரண்டு பெண்களும் ஒரே குரலில் எழுந்தார்கள்.

"சூப்பர்! டீம் வொர்க்!" சரிதா கைதட்டினாள்.

வேலாமணி கைப்பையிலிருந்து வெற்றிலையை எடுத்துக் கிண்ணங்களுக்கு அடியில் வைத்தாள். ஆறுக்குட்டி ரகசியமாகத் தின்றுகொண்டிருந்த பட்டர் ஃப்ரூட் துண்டை விழுங்கிவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். பிரீத்தி நகரப் பார்த்தாள். அத்தையின் கை அவள் மணிக்கட்டின் மேல் வந்து உட்கார்ந்தது. செல்லமாகத்தான். ஆனால் அசைக்க முடியவில்லை. ஜன்னல் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கறுப்பாக ஒன்று மெதுவாக நடந்து போய் வாசலில் நின்றது.

"உப்ப நீங்க வாங்கிக்கோங்க." அத்தை நீட்டினாள்.

"சக்கரைய நீங்க வாங்கிக்கோங்க." வேலாமணி நீட்டினாள்.

கிண்ணங்கள் கை மாறின. வேலாமணி கண்ணை மூடி, உப்புக் கிண்ணத்திலிருந்து ஒரு துளி எடுத்து நாக்கில் வைத்தாள்.

கண் திறந்தது. இன்னொரு துளி. பிறகு அத்தையின் கிண்ணத்திலிருந்து ஒரு துளி.

"ஏங்க, இதென்ன ரெண்டும் இனிக்குது?"

"நான்தான் ரெண்டுலயும் சக்கரை போட்டேன்." பிரீத்தி அத்தையின் பிடியிலிருந்து கையை உருவிக்கொண்டாள். "உப்பு மாறல. அதனால எதுவும் முடிவாகல. எனக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம். நாளைக்கு நான் புனே போறேன்."

வினிகர் கரண்டியைப் பிடித்தபடி சரிதா சிலையானாள்.

"கழுத, என்ன காரியம் பண்ணிப்போட்ட!" அத்தை கையை ஓங்கினாள்.

வேலாமணி அத்தையைத் தடுத்தாள். அவள் கோபப்படவில்லை. அதுதான் பிரீத்திக்கு முதல் பயம். வேலாமணி சிரித்தாள்.

"போகட்டும் உடுங்க. கையில துடி இருக்குதுன்னு அப்பவே சொன்னனே. அம்மிணி, இது சும்மா. நீயும் பக்கத்துல இருக்கறப்ப ஒருக்கா பண்ணிப் பாக்கோணும்னு எனக்கு ஆச. அவ்வளவுதான்."

"சும்மான்னா?"

ஆறுக்குட்டி இன்னொரு பட்டர் ஃப்ரூட் துண்டை எடுத்து, தின்னாமல் கீழே வைத்தார்.

"எங்கப்பாகிட்டப் பேசணும். இப்பவே. யாராவது ஃபோன் குடுங்க!"

அத்தையும் வேலாமணியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கீர்த்திவாசன் எழுந்து வந்தான். தலை நிமிராமல் தன் ஃபோனை நீட்டினான்.

ஒட்டும் விரலால் பிரீத்தி எண்களை அழுத்தினாள். மனப்பாடமான பத்து எண். பத்தாவதைத் தொட்டதும் திரையில் தானாகவே ஒரு பெயர் வந்து நின்றது.

'மாமனார்.'

"இந்த நம்பர் எப்படி உங்ககிட்ட?"

"ஸ்டோர் ரூம்லயே சொல்ல வந்தனுங்க." அவன் குரல் தரையைப் பார்த்துக்கொண்டே வந்தது. "உங்களுக்குத் தெரியாதுன்னு சத்தியமா எனக்குத் தெரியாது. போன வாரம் வெள்ளிக்கிழம எங்க ஊட்டுல வெச்சு உப்பு சக்கர மாத்தியாச்சுங்க. நீங்க சரின்னு சொல்லிட்டதா அவருதான் சொன்னாரு. உப்ப எங்ககிட்டக் குடுத்துட்டு, சக்கரைய உங்கப்பாதான் வாங்கிட்டுப் போனாரு. ரெண்டு கிலோ. மஞ்சப் பையில."

வாசலில் காட்டெருமை ஒருமுறை மூச்சு விட்டது. கையிலிருந்த ஃபோனில் மணி போய்க்கொண்டே இருந்தது. யாரும் எடுக்கவில்லை.

எட்டு நாளாக, காலையும் மாலையும் இரண்டு ஸ்பூன் போட்டு, அந்தச் சர்க்கரையில்தான் அவள் காபி குடித்துக்கொண்டிருந்தாள்.