சாவோ தூரமோ

அமெரிக்காவில் அடிமைகள் விடுதலையான மறு வருடம், ஜார்ஜியாவில் பருத்தி எடுத்து முடிந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை. பேரப்பிள்ளை எடுத்தவர்கள்கூட ஓக் மரத்தடியில் கல்யாணத்துக்கு வரிசையில் நின்றார்கள். இப்போதுதான் அவர்கள் கல்யாணம் சட்டப்படி செல்லும். கெசியா மட்டும் புருஷன் கேட்டோவின் கையை உதறிவிட்டுத் தள்ளி நின்றாள்.

"என்னடி, இந்த மாப்பிள்ளைக்குப் பல்லு போச்சுன்னு வேற ஆளு பாக்கிறியா?" என்று வரிசையிலிருந்து ஃபில்லிஸ் சீண்டினாள்.

கெசியா சிரிக்கவில்லை. முன்பு அடிமைகளாக இருந்தபோது அவளையும் கேட்டோவையும் சேர்த்து வைத்தவர் எஜமானின் பாதிரியார். "சாவோ தூரமோ பிரிக்கும் வரை" என்று சொல்ல வைத்தார். எஜமான் ஆளை விற்க நினைத்தால் கல்யாணம் குறுக்கே நிற்கக் கூடாது என்று சேர்த்த சொல் அது. அடுத்த அறுவடைக்குள் கேட்டோவை அலபாமாவுக்கு விற்றார்கள். உள்நாட்டுப் போர் முடிந்த பிறகுதான் அவன் நடந்தே திரும்பி வந்தான்.

"அந்தச் சொல்ல என் வாயால இன்னொரு தடவை சொல்ல மாட்டேன்," என்றாள்.

"சொல்ல வேணாம். வந்து காதால கேளு, போதும்," என்றான் கேட்டோ.

அவள் வந்து நின்றாள். இன்று கல்யாணம் செய்து வைக்கும் போதகரும் அவர்களைப் போல அடிமையாக இருந்தவர்தான். "சாவு பிரிக்கும் வரை," என்று சொல்லி நிறுத்தினார்.

கெசியா காத்திருந்தாள். "மீதி, ஐயா?"

"மீதி கிடையாதும்மா. அவ்வளவுதான்."

அவள் கேட்டோவின் கையைப் பிடித்தாள். "சாவு பிரிக்கும் வரை," என்றாள். போதகர் அடுத்த ஜோடியைக் கூப்பிட்டார். அவள் நகரவில்லை, இன்னொரு தடவை சொன்னாள்.