குளோரியாவின் பாட்டில்

ஆஸ்டின் டவுனில் எங்கள் வீட்டுப் பிளம்ஸ் மரம் தனியாகக் காய்க்காது. அதற்கு வேறு ரகத்து மரத்தின் மகரந்தம் வேண்டும். அந்த மரம் பக்கத்து வீட்டுக் குளோரியாவிடம் இருந்தது. தேனீக்கள் போய்ப்போய் வந்ததில் காம்பவுண்டுச் சுவரே நடுவில் தேய்ந்துவிட்டது. சொன்னால் என் மனைவி சீதாலட்சுமி நம்பமாட்டாள்.

மே மாதம் எங்கள் பழம் ஒரு பாட்டிலில் அங்கே போகும். அதே பாட்டிலில் ஜாம் திரும்பி வரும். போன வருஷத்து ஜாம் தீருமுன்பே குளோரியா போய்ச் சேர்ந்துவிட்டாள். வீட்டை வாங்கியவர்கள் கார் நிறுத்த மரத்தை வெட்டினார்கள். பாட்டில் எங்கள் அலமாரியில் நின்றுவிட்டது.

"வெறும் பாட்டிலை எப்படிங்க திருப்பித் தர்றது?" என்றாள் சீதா.

"தர்றதுக்கு ஆள் எங்க இருக்கு?"

"கல்லறை இருக்கில்ல."

ஜனவரியில் எங்கள் மரம் ஒன்றும் நடக்காததுபோல் பூத்தது. உதிர்ந்த பூவை அவள் பெருக்கி அள்ளினாள். எனக்குப் பொறுக்கவில்லை. சந்தாபுராவில் சினேகிதன் கிருஷ்ணப்பா தோட்டத்தில் பூத்திருந்த வேறு ரகத்துப் பிளம்ஸ் கிளையை வெட்டி, தண்ணீர் பக்கெட்டில் நிறுத்தி, பஸ் ஏறினேன். மரத்தடியில் வைத்துவிட்டால் மீதியைத் தேனீ பார்த்துக்கொள்ளும்.

கிளையோடு ஒரு தேனீயும் ஏறிவிட்டது.

"இதுக்கு டிக்கெட்?" என்றார் கண்டக்டர்.

"பூவுக்குப் போற தேனீ எல்லாம் பொம்பளைதான் சார். பொம்பளைங்களுக்கு ஃப்ரீ ஆச்சே."

"நம்ம ஸ்டேட்டு பொம்பளைங்களுக்குத்தான். ஆதார் எல்லி? எங்க இருக்கு?"

"சந்தாபுராவுல பொறந்தது. சந்தேகம்னா அதையே கேளுங்க."

அவர் குனிந்து கேட்டார். பிறகு மரியாதையாக ஜீரோ டிக்கெட் கிழித்துத் தந்தார்.

"பொய்," என்றாள் சீதா, நான் நீட்டிய டிக்கெட்டைப் பார்க்காமலே. ஆனாலும் பக்கெட்டில் தண்ணீர் குறையாமல் பார்த்துக்கொண்டாள்.

பக்கெட் வைத்த பக்கத்துக் கிளைகளில் மட்டும் காய் நின்றது. மே மாதம் பறித்துப் போட்டதில் பாட்டில் பாதிகூட நிறையவில்லை. அவள் குலுக்கிப் பார்த்தாள்.

"அடி மறைஞ்சிருக்கு. வெறும் பாட்டில்னு சொல்ல முடியாது."

கல்லறையில் பாட்டிலை வைத்து மூடியைத் திறந்தாள். கொஞ்ச நேரத்தில் ஒரு தேனீ வந்து விளிம்பில் உட்கார்ந்தது.

"பஸ்ஸுல வந்ததே, அது," என்றேன்.

சீதா முந்தானையால் கல்லில் இருந்த பெயரைத் துடைத்துக்கொண்டிருந்தாள். தலை நிமிரவில்லை.

"அதுவேதாங்க," என்றாள்.