எழுதியவர் அழகமுத்து

மாத்தளைக்குப் பக்கத்தில், உக்குவளை ரயில் ஸ்டேஷனுக்குப் பின்னால் குடியிருந்த அழகமுத்து, இருபது வருடத்தில் நான்கு படங்களுக்குக் கதை வசனம் எழுதினார். எல்லாம் சின்னப் படங்கள். பள்ளிக்கூட மண்டபத்தில் இரண்டு காட்சி ஓடினாலே பெரிய விஷயம். ஒன்றிலும் அவர் பெயர் வரவில்லை. கேட்டால், "பேர வச்சி என்ன செய்ய, படம் வந்துச்சே" என்பார். அந்தப் பெருந்தன்மைதான் பிறகு அவர் குடியைக் கெடுத்தது.

ஒவ்வொரு காட்சிக்கும் ஒரு வரைபடம் போடுவது அவர் வழக்கம். கேமரா நிற்கும் இடத்துக்குப் பெருக்கல் குறி மாதிரி ஒரு புள்ளடி, ஆட்கள் வரும் பாதைக்கு அம்புக்குறி. 2007இல் ஐந்தாவது கதை முடிந்தது. மாத்தளை பஸ் ஸ்டாண்டில் கச்சான் கடலை விற்கும் ஒருத்தியின் கதை. கொழும்பிலிருந்த டைரக்டர் செல்லச்சாமி உடனே அனுப்பச் சொன்னார். இருந்ததோ ஒரே பிரதி. தபாலில் போட மனம் வரவில்லை. யுத்த நேரம், வழியெல்லாம் சோதனைச் சாவடி; தானே போகவும் பயம்.

"ஆம்பளைங்களத்தான் எறக்குவாங்க, புஷ்பம். நீயே கொண்டு போயிடு" என்று மனைவி புஷ்பவதியை பஸ் ஏற்றிவிட்டார்.

பாவி மனுஷன். சோதனைச் சாவடியில் அவள் பையைத் திறந்தவர்கள் வசனத்தையா படித்தார்கள்? பஸ் ஸ்டாண்ட் வரைபடத்தையும் அதிலிருந்த ஏழு புள்ளடிகளையும்தான் பார்த்தார்கள். குண்டு வைக்கப் போட்ட திட்டம் என்று அவளைப் பிடித்து அடைத்தார்கள்.

அழகமுத்து ஏறி இறங்காத படியில்லை. அது சினிமாக் கதை, எழுதியது நான் என்று சிங்களத்தில் கெஞ்சினார். எந்தப் படத்தில் உன் பெயர் இருக்கிறது என்று அதிகாரி கேட்டதும் டைரக்டருக்குப் போன் போட ஓடினார். செல்லச்சாமியோ அந்தப் படங்களில் 'கதை' என்று தன் பெயரைப் போட்டுக்கொண்டவர்; போனையே எடுக்கவில்லை. நாலாம் மாதம் வாசலில் போய்க் காலில் விழுந்த பிறகுதான் கடிதம் தந்தார்: எல்லாவற்றையும் எழுதியவர் அழகமுத்து.

அதை அதிகாரியிடம் கொடுத்துவிட்டு மனைவியைப் பார்க்க ஓடினார். கம்பிக்குப் பின்னால் புஷ்பவதி பாதியாகியிருந்தாள்.

"லெட்டர் குடுத்துட்டேன் புஷ்பம். நாந்தான் எழுதுனேன்னு அதுல இருக்கு. இனி விட்டுடுவாங்க."

அவள் முகம் வெளிறியது. "ஐயோ, ஏங்க அப்படிச் செஞ்சீங்க? மொத நாளே, நாந்தான் எழுதுனேன், என் புருஷனுக்கு ஒண்ணும் தெரியாதுன்னு கையெழுத்து வச்சிட்டேனே. நீங்க சீனி வருத்தக்காரர், மருந்துல ஓடுற உடம்பு, இந்த அடியத் தாங்க மாட்டீங்கன்னு..."

அவர் கம்பிக்குள் கையை விட்டு அவள் கையைப் பிடித்தார்.

"போயிடுங்க, இப்பவே போயிடுங்க" என்று அவள் அவர் கையைத் தள்ளினாள். அவர் அசையவில்லை. அதிகாரி கடிதத்தோடு வந்து, உண்மையில் எழுதியது யார் என்று இருவரையும் கேட்டார்.

"நான்" என்றார்கள் இருவரும்.

அவரையும் பிடித்துக்கொண்டார்கள்; அவளை விடவுமில்லை. ஆனால் ஆண்களை அடைத்து வைப்பது வேறு ஊரில்.