ஒலேனாவின் புழுதி

ஒலேனா சூபக் வருஷா வருஷம் ஊராட்சிக் கூடத்தில் நடக்கும் வான்கோழி விருந்துக்கென்று வீட்டை விட்டுக் கிளம்பிப் பதினோரு வருடமாகிறது. இன்னும் வந்து சேரவில்லை. வழியில் எங்கும் நின்றுவிடவில்லை, வந்துகொண்டுதான் இருக்கிறாள். மழையில்லாத நாளில் ஹார்ட்வெல் ஊராட்சிக் கூடத்தின் படியில் நின்று மேற்கே பார்த்தால், அவளுடைய டிரக் கிளப்பும் புழுதி அடிவானத்தில் நரிவால் கனத்துக்குத் தெரியும். அவள் வீட்டுக்கும் கூடத்துக்கும் இடையே, நில அளவைக்காரர்கள் இரும்பு முளை அடித்துவிட்டுப் போன கணக்குப்படி, ஏழு மைல்.

அந்தச் சாலையில் வீடு இரண்டுதான். தூரத்து வீட்டில் ஒலேனாவும் அவள் புருஷன் வசிலும். பாதி வழியில் ஏப் ஃபிரீசன் குடும்பம். அந்த அக்டோபர் ஞாயிறன்று வசில் மேசை தூக்கிப்போட முன்னாலேயே கூடத்துக்கு வந்துவிட்டார். ஒலேனா முட்டைக்கோஸ் சுருளை அடுப்பிலிருந்து இறக்கி, தட்டோடு துண்டில் சுற்றி, பக்கத்து இருக்கையில் வைத்துக்கொண்டு பின்னால் கிளம்பினாள். அதே நேரத்தில், ஊரே விருந்தில் இருக்கும் என்று கணக்குப் போட்டு, ஃபிரீசன் குடும்பம் கட்டில், கோழிக்கூண்டு, தையல் மிஷின் எல்லாவற்றையும் லாரியில் ஏற்றி, கூடத்துப் பக்கம் வராமல் மேற்கு வழியாக ஊரைக் காலி செய்துகொண்டிருந்தது. மூன்று போகம் பொய்த்தால் போக வேண்டியதுதான், அதில் தப்பில்லை. ஆனால் நம் ஆட்கள் போகிறோம் என்று வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள், அவமானமாம். எதிரே வரும் வண்டிக்கு ஸ்டியரிங்கிலிருந்து ஆள்காட்டி விரலை ஓர் அங்குலம் தூக்குவது எங்கள் பக்கத்து வழக்கம். ஜென்மப் பகையாளிக்கும் தூக்குவோம். ஒலேனா தூக்கினாள். ஏப் பார்க்காதவர் மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டார். சாலை நீள ஆரம்பித்தது அப்போதுதான்.

வசில் அன்றே அவளைத் தேடிக்கொண்டு போனார். இரண்டு முறை பெட்ரோல் தீரும்வரை ஓட்டியும் புழுதி கிட்டே வரவில்லை. வீட்டுக்குப் போகவும் வழியில்லாமல் போனதால், கூடத்துக்குப் பின்னால் இருக்கும் கிரேடர் கொட்டகையிலேயே கட்டில் போட்டுக்கொண்டார். ஊராட்சிச் சாலைகளைச் சமன்செய்யும் கிரேடரை ஓட்டுகிறவர் அவர்தானே. விடிந்ததும் மேற்குச் சாலைக்குத்தான் முதலில் போவார். அவளுக்குப் பள்ளத்தில் டயர் தட்டக்கூடாதாம். அதன் பிறகும் ஐந்து குடும்பங்கள் இதே மாதிரி சத்தமில்லாமல் நழுவின. ஒவ்வொன்றும் போனபோது புழுதி இன்னும் கொஞ்சம் சிறுத்தது. ஊராட்சி மன்றம் கூடி, மைல் என்பது மைல்தான் என்று ஒருமனதாகத் தீர்மானம் போட்டது. சாலை அதை மதிக்கவில்லை. ஒவ்வொரு விருந்திலும் அவளுக்கு ஒரு தட்டு வைத்தோம். வசில் தினமும் சவரம் செய்துகொண்டார். அவள் வந்து இறங்கும்போது தாடியோடு நிற்கக்கூடாது என்று. தலை நரைத்ததைப் பற்றி மட்டும் அவர் யாரிடமும் பேசியதில்லை.

ரெஜைனா நகரத்து இறைச்சிக் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்த ஏப்புக்கு, அந்த ஞாயிறிலிருந்து வலது கை ஆள்காட்டி விரல் மடங்கவில்லை. குச்சி மாதிரி நீட்டிக்கொண்டு நின்றது. சட்டைப் பித்தானை அவர் மனைவி டீனாதான் போட்டுவிட்டாள். போன இலையுதிர் காலத்தில் அவள் வான்கோழி வறுக்கும் ஹெல்கா அக்காவைத் தொலைபேசியில் கூப்பிட்டாள். எட்டு வீட்டுக்கு ஒரே கம்பி எங்களுக்கு. ஒட்டுக்கேட்க ஒவ்வொருவராக ரிசீவரைத் தூக்கத் தூக்கக் குரல் மெலியும். அன்றைக்கு டீனாவின் குரல் கொசு ரீங்காரம் மாதிரிக் கேட்டது, அவ்வளவு பேர் தூக்கியிருந்தோம்.

"அக்கா, இவரு விரல டாக்டரு வெட்டணும்ங்கிறாரு. இவரு என்னடான்னா, அது அந்தப் பொண்ணுக்குத் தரவேண்டிய விரல்டி, வெட்டக்கூடாதுங்கிறாரு."

"அப்ப கூட்டிக்கிட்டு வாயேன். வசில் அடிச்சா ரெண்டு அடி வாங்கிக்கட்டும். செத்தா போயிடுவாரு?"

"அடிப்பாரா?"

"எனக்கென்ன தெரியும்? இந்தக் கம்பியில மூச்சு விடுதே ஒரு கூட்டம், அதுங்களக் கேளு."

ஒவ்வொரு ரிசீவராகக் கிளிக் என்று கீழே இறங்கியது.

விருந்தன்று மத்தியானம் ஏப் தெற்குச் சாலை வழியாக வந்து இறங்கினார். வசில் படியில் நின்றிருந்தார். அடி விழவில்லை. "மேற்கு ரோட்ட நேத்துதான் சமன் பண்ணேன். நிதானமாப் போ" என்றார், அவ்வளவுதான். ஏப் மேற்கே ஓட்டினார். கூடம் முழுவதும் படியில் வந்து நின்றது. உருளைக்கிழங்கு மசியலை ஒருத்தரும் சீந்தவில்லை. வெயில் சாயும் நேரத்தில் அவர் திரும்பி வந்து, கதவைத் தானே திறந்து, சட்டையின் மேல் பித்தானைத் தானே போட்டுக்கொண்டார்.

"பாத்தியா?" என்றார் வசில்.

"பாத்தேன். தூக்கினா. நானும் தூக்கினேன். அவ பாட்டுக்குப் போய்க்கிட்டே இருக்கா."

"எப்படி இருக்கா?"

"அன்னைக்கு எப்படி இருந்தாளோ அப்படியே. பக்கத்துல தட்டு. ஆவி கண்ணாடியெல்லாம் படிஞ்சிருக்கு, தொடச்சுக்கிட்டே ஓட்டுறா."

வசில் தன் கன்னத்தைத் தடவிக்கொண்டார். மேற்கே புழுதி கொஞ்சம் பெருத்திருந்தது. ஏப்பின் பங்கு சாலை திரும்பி வந்துவிட்டது; மற்ற ஐவருடைய பங்கு இன்னும் பாக்கி.

அப்போது எல்லோரும் ஊராட்சித் தலைவர் எய்னார் லுண்டைப் பார்த்தோம். அவர் டிரக்கில் தார்ப்பாய்க்கு அடியில் சலவை மிஷின் ஏறியிருப்பது எனக்குச் செவ்வாய்க்கிழமையே தெரியும். மைல் தீர்மானத்தைக் கொண்டுவந்தவரும் அவர்தான். லுண்ட் தொப்பியைக் கழற்றிக் கையில் உருட்டினார்.

"நாங்களும் போறோம், வசில்" என்றார். "வர்ற வியாழக்கிழமை. நிலத்த வித்தாச்சு. சொல்லாமப் போயிடலாம்னுதான் இருந்தேன்."

ஹெல்கா அக்கா, "கூடத்துச் சாவிய மறக்காம குடுத்துட்டுப் போங்க தலைவரே" என்றாள்.

வசில் புழுதியைப் பார்த்தார், லுண்டைப் பார்த்தார். ஸ்டியரிங் இல்லாத கையை இடுப்பளவுக்கு உயர்த்தி, ஆள்காட்டி விரலை ஓர் அங்குலம் தூக்கினார். லுண்டும் தூக்கினார்.

வியாழக்கிழமை லுண்ட் குடும்பம் பட்டப்பகலில், ஊர் பார்க்க, மேற்குச் சாலை வழியாகவே போனது. புழுதி ஓர் இம்மியும் சிறுக்கவில்லை. இன்னும் நாலு வீடு அதேபோலச் சொல்லிவிட்டே போனதில், இந்தக் குளிர்காலத்தில் எட்டு வீட்டுக் கம்பியில் மூன்று வீடுதான் மிச்சம். குரல் மணி மாதிரிக் கேட்கிறது, கேட்பதற்குத்தான் பேச்சில்லை. நழுவிப் போன ஐவருக்கும் வசில் கடிதம் எழுதியிருக்கிறார். இதுவரை இரண்டு பேர் வந்து விரலைத் தூக்கிவிட்டுப் போனார்கள். மூன்று பேர் பாக்கி. இப்போது படியில் நின்றால் டிரக் பச்சை என்று தெரிகிறது. வசில் நல்ல முகக்கண்ணாடி ஒன்று வாங்கிக் கொட்டகையில் மாட்டியிருக்கிறார். சுருளைச் சூடாக்க அடுப்பு வேண்டாம், அது சூடாகத்தான் வரும் என்று ஹெல்கா அக்காவிடம் சொல்லிவைத்திருக்கிறார்.