மூடி போட்ட கேமரா

பதினாறு வருஷமாக அவள் நவீன நாடகத்தில் நடித்தாள். மரமாக, நாற்காலியாக, ஒருமுறை ஒன்றரை மணி நேரம் வெறும் மூச்சாகக்கூட. எல்லாவற்றுக்கும் தவறாமல் வந்து உட்கார்ந்தவள் அக்கா ஒருத்திதான். ஒரு மண்ணும் புரியாது. ஆனாலும், "நீ நல்லா பண்ணேடி. மத்தவங்கதான் என்னமோ பண்ணாங்க" என்பாள்.

இயக்குநரைக் குழுவில் எல்லாரும் 'தாடி' என்பார்கள். அவருடைய ஒத்திகையில் ஒரு பழக்கம். வட்டமாக உட்கார்ந்து, வெளியில் சொல்லாத ஒன்றை ஒவ்வொருவரும் சொல்ல வேண்டும். ஒத்திகையைப் படம்பிடிக்க முக்காலியில் நிற்கும் கேமராவுக்கு எல்லார் கண்முன்னும் மூடியை அழுத்திப் போட்டு, "இங்க பேசுறது இங்கயே செத்துடும்" என்பார் தாடி.

அவர் எடுத்த முதல் படத்துக்கான ஒத்திகையில் அவளும் வாயைத் திறந்தாள். அம்மா சாகக் கிடந்த நாளில், அரங்கு நிறைந்த நாடகத்தை விட்டுப் போக மனமில்லாமல், "பஸ் ரிப்பேர்க்கா, வழியில நிக்கிறேன்" என்று போனில் அக்காவிடம் புளுகியதைச் சொன்னாள். சொல்லிவிட்டு விக்கி விக்கி அழுதாள். தாடிதான் தண்ணீர் கொடுத்தார். அந்த மனுஷனைப் போய் தெய்வமாக நினைத்தாளே!

முதல் திரையிடல் ஒரு ஞாயிறு காலை. பக்கத்து இருக்கையில் அக்கா. திரையில் அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். வசனமே இல்லாமல் எடுத்த காட்சி அது. திடீரென்று அவள் குரல் கேட்டது. அந்த விக்கலோடு, அந்த பஸ்ஸோடு, ஒரு சொல் குறையாமல். மூடி போட்டால் படம்தான் விழாது. மைக் அது பாட்டுக்குக் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறது. இத்தனை வருஷம் இந்தத் தொழிலில் குப்பை கொட்டியும் அவளுக்கு அது உறைக்கவில்லை.

வெளியே வந்ததும் அக்கா அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அது வசனம்தானே? அவர் எழுதிக் குடுத்ததுதானே?"

ஆமாம் என்று சொல்லிவிடேன் என்று கெஞ்சியது அக்காவின் முகம்.

"ஆமாக்கா. பஸ் நின்னதை நான் சொல்லியிருந்தேன். மீதியெல்லாம் அவர் கட்டிவிட்டது."

அக்காவின் பிடி தளர்ந்தது. அவளுக்கும் மூச்சு வந்தது. அதற்குள் தாடி நாலு பேரோடு வந்து அவள் தோளில் கைபோட்டார்.

"நான் ஒரு வரி எழுதலைங்க! அத்தனையும் இவ வாழ்க்கை. பொய்யே கிடையாது!"

நாலு பேரும் கைதட்டினார்கள்.

"அடப்பாவி, என்னை ஒரு வார்த்தை கேட்டியா?" என்று கத்தினாள்.

"கேட்டிருந்தா குடுத்திருப்பியா?" என்றார் தாடி, கூசாமல்.

அக்கா கையை எடுத்துக்கொண்டாள். குரல் உயரவே இல்லை.

"அம்மா கடைசிவரைக்கும் வாசலையே பாத்துக்கிட்டிருந்தாங்க. 'வந்துட்டிருக்காம்மா, பஸ்தான் ரிப்பேர்'னு நானும் சொல்லிக்கிட்டே இருந்தேன். சாகப்போற அம்மாகிட்ட என்னைப் பொய் சொல்ல வச்சுட்டியேடி."