எண்பலகைக்கு வெயில் வேண்டும்

மழைக்காலத்தில் எங்கள் ஃபாஸ் நகரத்தில் எல்லாருக்கும் எரிச்சல்தான். தோல் காயாது, கம்பளி காயாது, சுவர் வியர்க்கும். அந்த வருடம் இத்தோவின் எரிச்சலுக்கு வேறு காரணம் இருந்தது. உப்பு ஏற்றிக்கொண்டு பாலைவனத்தின் தென்கரைக்குப் போன அவள் கணவன் ஹம்மு இரண்டு குளிர்காலமாகத் திரும்பவில்லை. தேடிப் போகத் தம்பி யத்தார் தயாராகிவிட்டான். ஒட்டகக் கூட்டம் மறுநாள் விடியலில் கிளம்புகிறது. ஹம்மு உயிரோடு இருந்தால் தம்பி போகட்டும். இல்லையென்றால், செத்தவனைத் தேடி இன்னொருவனை மணலுக்குள் அனுப்ப அவளுக்கு மனமில்லை.

அது ஒன்றைத் தெரிந்துகொள்ளத்தான் அக்காவும் தம்பியும் காலையிலிருந்து குறி பார்க்கும் மன்தீலின் முற்றத்தில் உட்கார்ந்திருந்தார்கள்.

மன்தீலிடம் ஸாயிர்ஜா என்ற எண்பலகை இருந்தது. வட்டத்துக்குள் வட்டமாக ராசிகளும் எழுத்துகளும் எண்களும் நிறைந்த பெரிய மரப்பலகை. முன்னொரு காலத்தில் செப்தா ஊர் ஞானி ஒருவர் வரைந்தது என்பார்கள். ஒரு சுல்தான் இதன் பேச்சைக் கேட்டுவிட்டு, திரட்டிய படையைக் கலைத்து வீட்டுக்கு அனுப்பினாராம். கேள்வியை எழுத்துகளாக உடைத்து, எழுத்துகளை எண்களாக்கி, கேட்ட நொடியில் கீழ்வானில் எழும் ராசியின் பாகையோடு பெருக்கி, கழித்து, வட்டங்களைச் சுற்றி வந்தால் பதில் எழுத்தெழுத்தாக உதிரும். அதுவும் செய்யுளாக. இது கணக்கா சூனியமா என்று மதரஸாக்களில் இன்றும் அடிதடி.

பாகை தெரிய சூரியனின் உயரத்தை அளக்க வேண்டும். சூரியனோ ஐந்தாறு நாளாக ஊரில் இல்லை.

"பள்ளிவாசல்ல தண்ணிக் கடிகாரம் இருக்கே சீதி, அதைப் பார்த்துக் கணக்குப் போடக் கூடாதா?" என்றாள் இத்தோ. பெரியவரை ஐயா என்பதற்கு சீதி, பெண்ணை அம்மா என்பதற்கு லல்லா, அது எங்கள் ஊர் வழக்கம்.

"அது தொழுகைக்குச் சரி லல்லா. பாகைக்கு ஆகாது. ஒரு பாகை தப்பினா உன் புருஷன் இடத்துல வேற யாரோட புருஷனோ வந்து நிப்பான்."

"வரட்டும், யாராவது ஒருத்தன் வந்தாச் சரி" என்றான் யத்தார். இத்தோ அவன் தொடையில் கிள்ளினாள்.

நண்பகலுக்கு முன் முற்றத்தின் மேல்விளிம்பில் மஞ்சளாக ஒரு கோடு விழுந்தது. வெயில். மன்தீல் சூரியனின் உயரம் அளக்கும் பித்தளைக் கருவியைத் தூக்கிக்கொண்டு மாடிப்படியில் பாதிவரை ஓடி, அங்கேயே நின்றார். மொட்டை மாடிகள் பெண்களுடையவை. குரல் கொடுக்காமல் ஆண்பிள்ளை மேலே தலைகாட்டினால் தெரு முழுக்க நாறிவிடும்.

"அம்மாமார்களே, மேலே வரேன். கொஞ்சம் இறங்கிக்கங்க."

வெயிலைப் பார்த்த பெண்கள் எல்லாரும் ஈரத்துணியோடு அப்போதுதான் மாடியேறியிருந்தார்கள். "பொறுங்க சீதி. நீங்க சூரியனைப் பார்க்கணும், நாங்க போர்வையைக் காயப்போடணும். யாருக்கு அவசரம்?" என்றாள் பக்கத்து வீட்டு ஷாமா.

"எனக்குத்தான்."

"சூரியன் எங்கயும் போகாது."

போய்விட்டது. மன்தீல் மேலே போய்ச் சேர்ந்தபோது மேகம் மூடிக்கொண்டது. மதியத்துக்குப் பிறகு இன்னொரு முறை வெயில் வந்தது. மறுபடி குரல், மறுபடி ஷாமா, மறுபடி மேகம். கேள்வியை மனப்பாடம் செய்து வைத்திருந்த இத்தோவுக்கு உதடு வறண்டுபோயிற்று. 'மஸ்ஊதின் மகன் ஹம்மு உயிரோடு இருக்கிறானா?' மன்தீல் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்: நான் "இப்போ" என்றதும் கேள். அந்த நொடியில் உன் வாயிலிருந்து வருவதுதான் கேள்வி. ஒருவருக்கு ஒரு நாளில் ஒன்றுதான்.

பொழுது சாயும் நேரத்தில் மேகம் மூன்றாம் முறை விலகியது. "அம்மாமார்களே!" என்று கத்திக்கொண்டே மன்தீல் ஓடினார். மேலே யாரோ திட்டினார்கள், யாரோ சிரித்தார்கள், ஒரு வாளி உருண்டது. இத்தோ படியடியில் நின்றாள். வெயில் மங்கத் தொடங்கியது. இந்தத் தடவையும் அவ்வளவுதான் என்று நினைத்தபோது அவளுக்குப் பொறுமை அறுந்தது.

"இப்போ!" என்றது மேலிருந்து குரல்.

"இன்னும் எவ்வளவு காலம்தான் என்னைக் காக்க வைப்பீங்க?" என்று அவள் அதே நொடியில் கத்தினாள்.

மன்தீல் மெதுவாக இறங்கி வந்தார். "பாகை கிடைச்சுது. கேள்வியும் வந்துருச்சு."

"அது உங்களைத் திட்டினது சீதி. கேள்வி இல்ல."

"பலகைக்கு அது தெரியாது."

கெஞ்சியும் அவர் மாறவில்லை. மணல் தட்டில் எண்களை எழுதினார், அழித்தார், மறுபடி எழுதினார். விளக்கு ஏற்றிய பிறகுதான் பதில் கோர்வையானது. அவர் வாசித்தார்: "காக்க வைப்பவன் காக்க வைப்பான், காப்பவள் காக்கும் காலம் வரை."

யத்தார் வாய்விட்டுச் சிரித்தான். "இதுக்கா ஒரு நாள் போச்சு? காத்திருக்கிறதை உள்ளே போட்டோம், காத்திருக்கிறதே வெளியே வருது. நல்ல திரிகைதான். வா அக்கா. எதுவும் தெரியலைன்னாலும் நான் கிளம்பறேன்."

இத்தோ எழுந்திருக்கவில்லை. பலகையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீ போக வேண்டாம்" என்றாள்.

"ஏன்? அவர் செத்துட்டார்னு அது சொல்லலையே."

"அது ஒண்ணும் சொல்லலை. நான் கத்தினதைத்தான் திருப்பிக் கத்துது. காத்திருந்தது போதும்னு கத்தினது நான்தானே. நீ போனா நாளையிலிருந்து ரெண்டு பேருக்குக் காத்திருக்கணும். என்னால முடியாது."

"ஹம்மு உயிரோட இருந்தா?"

"இருந்தா அவருக்கு வழி தெரியும்."

யத்தார் அவளுக்கு முன்னால் விடுவிடுவென்று வீட்டுக்கு நடந்தான்.

மறுநாள் வானம் துடைத்துவிட்டதுபோல் இருந்தது. நகரத்தின் தெற்கு வாசல் பக்கம் ஒட்டக மணிகள் கேட்டுக் குறைந்தன. கீழே யத்தார் பயணப் பையிலிருந்த பேரீச்சம்பழங்களைச் சாடியில் திரும்பக் கொட்டினான், வேண்டுமென்றே சத்தமாக. இத்தோ மாடியில் கம்பளிப் போர்வையைப் பிழிந்துகொண்டிருந்தாள். நாலு வீடு தள்ளி மன்தீலின் குரல் கேட்டது. "அம்மாமார்களே, மேலே வரேன். லல்லா இத்தோவுக்கு யாராவது சொல்லுங்க, இன்னைக்கு நல்ல வெயில், சரியான கேள்வியைக் கேட்டுரலாம்."

"பொறுங்க சீதி" என்றாள் இத்தோ. "போர்வை காயட்டும்."