நூகரத்தினத்தின் ஊடல்

டிவி சீரியலின் மத்தியான மறுஒளிபரப்பில் சத்யபாமா கோபித்துக்கொண்டு படுத்துவிட்டாள். சமாதானம் செய்ய வந்த கிருஷ்ணன் காலில் விழுந்தான். அவள் அவன் தலையைக் காலால் எட்டித் தள்ள, அவனோ, "உன் பாதம் வலிக்கிறதா?" என்று கேட்டான். அந்த இடத்தில் 'தொடரும்' போட்டுவிட்டார்கள்.

"சாமியே கால்ல விழுது. நம்ம வீட்டுல இருக்கறதுங்களுக்கு நாம கோவிச்சுக்கிட்டோமான்னுகூடத் தெரியாது," என்று சிரித்தபடி பக்கத்து வீட்டு மங்காயம்மா எழுந்து போனாள்.

நூகரத்தினம் சிரிக்கவில்லை. நேற்று துனி ஊரில் அவள் அக்கா மகளுக்குக் கல்யாணம். கூட்டிப்போகிறேன் என்று ஒரு மாதமாகச் சொல்லிவந்த அவள் புருஷன் அப்பலசாமி, கடையில் ஆள் இல்லை என்று விடியும்போதே கிளம்பிவிட்டான். எடுத்து வைத்த பட்டுப்புடவை இன்னும் நாற்காலியில்தான் கிடந்தது. போகாததுகூடப் பெரிதில்லை. இத்தனை வருஷத்தில் ஒரு தடவையாவது, 'என்மேல கோவமா?' என்று அவன் கேட்டிருக்க வேண்டும். அனகாபள்ளி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே பெசரட்டு தோசை ஊற்றுகிறவனிடம் கிருஷ்ண லீலையா எதிர்பார்க்க முடியும்? ஆனாலும் ஆசை யாரை விட்டது. உலை வைக்காமல் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

கடை மூடி அவன் வந்தான். கூடவே எண்ணெய் வாடையும் வந்தது. அடுப்பைப் பார்த்தான், அவளைப் பார்த்தான்.

"ஒடம்பு சரியில்லையா?"

"இல்ல."

"மாத்திரை போட்டியா?"

"அதான் இல்லங்கறேனே."

அதற்கு மேல் அவன் கேட்கவில்லை. காலையில் வடித்த சோற்றில் கோங்குரா ஊறுகாயைப் பிசைந்து தின்றான். தட்டைக் கழுவி வைக்கும் சத்தம் கேட்டது. இனி கேட்பான் என்று அவள் மூச்சுவிடாமல் காத்திருந்தாள். டேபிள் ஃபேன் காற்று அவள் கால்மாட்டில்தான் நன்றாக வரும். அங்கே வெறுந்தரையில் சாய்ந்தவன், சாய்ந்த கையோடு தூங்கியும் போனான். தூக்கத்தில் தலை சரிந்து அவள் பாதத்தில் முட்டியது.

நூகரத்தினத்துக்கு அழுகை அழுகையாக வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு அந்தத் தலையைக் காலால் தள்ளினாள்.

"நின்னு நின்னு என் காலு வலிக்குதும்மா," என்று கண்ணைத் திறக்காமலே முனகினான் அப்பலசாமி.

அவள் எழுந்து உட்கார்ந்தாள். வாசற்படிவரை நீண்டிருந்த அவன் கால்கள் முழங்காலுக்குக் கீழே வீங்கிப்போயிருந்தன. அவளுக்குக் கோபம் போகவில்லை. நல்லெண்ணெய்ப் புட்டி கைக்கெட்டும் தூரத்தில், பட்டுப்புடவை கிடந்த நாற்காலிக்குப் பக்கத்திலேயே இருந்தது. ஃபேன் அவன் பக்கம் போய், அவள் பக்கம் திரும்பி, மறுபடி அவன் பக்கம் போனது.